ஒரு சொல்லைத் தடை செய்தோம்: திருக்கோணமலை வாசிப்பு வட்டம் ஒன்றின் நிகழ்வு ஆய்வு

பின்னணி

2023 பெப்ரவரியிலிருந்து ஓகஸ்ட் வரை திருக்கோணமலை நகரில் ஒரு சின்ன வாசிப்பு வட்டம் கூடியது. நடத்தியவன் நான். பள்ளிக்கூடத்தில் வரலாறு படிப்பிக்கிறேன், அரசியல் தத்துவத்தில் பட்டம் எதுவும் கிடையாது, சொந்த விருப்பத்தில் வாசித்ததுதான். யாருடைய பெயரையும் இங்கே எழுதவில்லை, ஆளைக் காட்டிக்கொடுக்கக்கூடிய சில விபரங்களையும் விட்டுவிட்டேன். வந்தவர்களில் ஒருவரைத் தவிர மற்ற எல்லோரும் இதை வாசித்து, சரி போடலாம் என்று சொல்லியிருக்கிறார்கள். அந்த ஒருவர் யாரென்று போகப்போகத் தெரியும்.

இதை எழுதக் காரணம், மட்டக்களப்பிலும் மன்னாரிலும் இதே மாதிரி ஒன்றைத் தொடங்க நினைக்கும் இரண்டு பேர் எப்படி நடத்தினீர்கள் என்று கேட்டதுதான். நன்றாக நடந்ததைவிட நான் விட்ட பிழைகள்தான் அவர்களுக்குப் பிரயோசனப்படும் என்று நினைக்கிறேன்.

இடம், ஒரு ரியூட்டரியின் மேல்மாடி. இரண்டு கிழமைக்கு ஒருமுறை, சனிக்கிழமை பின்னேரம் மூன்றரைக்குத் தொடக்கம். பதினொரு பேர், தமிழர் எட்டு, முஸ்லிம்கள் மூன்று. 2012 கணக்கெடுப்பில் இந்த மாவட்டத்தில் முஸ்லிம்கள் நூற்றுக்கு 40 அளவிலும், தமிழர் 31 அளவிலும், சிங்களவர் 27 அளவிலும் இருந்தார்கள். அந்த விகிதம் எங்கள் அறைக்குள் வரவில்லை என்பது பார்த்தவுடனே தெரிந்தது. தெரிந்தும் அப்படியே தொடங்கினோம்.

வாசிக்க எடுத்தது முக்கியமாக இரண்டு பேரை: ஜெர்மன் யூதரான அரசியல் சிந்தனையாளர் ஹன்னா அரென்ட், இனப்படுகொலையைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லை உண்டாக்கிய சட்ட அறிஞர் ரபேல் லெம்கின். நான் பகுதி பகுதியாகத் தமிழில் சுருக்கி எழுதி, போட்டோக்கொப்பி எடுத்துக் கொடுப்பேன். முதல் பிழை இங்கேயே நடந்துவிட்டது. அரென்ட் 1951இல் வெளியிட்ட பெரிய நூலில் யூத வெறுப்பு முதலில், ஏகாதிபத்தியம் அடுத்து, முற்றதிகாரம் (totalitarianism) கடைசியில் என்று ஒரு ஒழுங்கு இருக்கிறது. நான் அதைத் தலைகீழாக்கி, இனப்படுகொலையில் தொடங்கிப் பின்னோக்கிப் போகலாம் என்று திட்டம் போட்டேன். சனத்துக்கு அதில்தான் ஆர்வம், அதைப் போட்டால் வருவார்கள் என்பதுதான் என் கணக்கு. வந்தார்கள்தான்.

சொற்களோடு பட்ட பாடு

முதல் கூட்டம் முழுவதும் ஒரே சொல்லில் போனது. சர்வாதிகாரம். ஹிட்லரும் சர்வாதிகாரி, ஊர்ச் சங்கத் தலைவர் கணக்குக் காட்டாவிட்டால் அவரும் சர்வாதிகாரி. அரென்ட் பிரித்துக் காட்டுவதற்கு இந்தச் சொல் போதவில்லை. சாதாரணக் கொடுங்கோலனுக்கு, எதிர்க்கிறவன் வாயை மூடினால் காரியம் முடிந்தது. நாசி ஜெர்மனியிலும் ஸ்டாலினின் சோவியத்திலும் எதிர்ப்பெல்லாம் ஒடுங்கிய பிறகுதான் பயங்கரம் உச்சத்துக்குப் போனது, அடங்கி இருந்தவனையும் அது விடவில்லை. இயற்கையின் விதி என்றோ வரலாற்றின் விதி என்றோ ஒன்றைச் சொல்லி, அதன்படி மனிதரையே மாற்றிச் செய்யப் பார்க்கிற ஆட்சி அது, யாரோடும் ஒட்டில்லாமல் தனித்துப்போன மனிதர்கள்தான் அதற்கு வேண்டிய மூலப்பொருள் என்பது அவருடைய வாதம். இதற்கு முழுதாதிக்கம் என்றார் ஒருவர், முற்றதிகாரம் என்றார் இன்னொருவர். கடைசியில் முற்றதிகாரம் என்று முடிவானது. இன்றைக்கும் எனக்கு அது வாயில் சரியாக வருவதில்லை.

இரண்டாம் கூட்டம் லெம்கினுக்கு. ஆர்மேனியரை அழிக்கச் சொன்ன துருக்கியத் தலைவர் தலாத் பாஷாவை 1921இல் பெர்லினில் ஒரு ஆர்மேனிய இளைஞர் சுட்டுக் கொன்றார், அந்த வழக்கைப் பற்றி மாணவனாக இருந்த லெம்கின் தன் பேராசிரியரிடம் ஒரு கேள்வி கேட்டார். ஒருவரைக் கொன்ற இந்த இளைஞன் குற்றவாளி, ஒரு சனத்தையே அழிக்கச் சொன்னவரை மட்டும் ஏன் யாரும் பிடிக்கவில்லை? கோழி வளர்க்கிறவன் தன் கோழிகளைக் கொன்றால் அது அவன் பாடு, நீ தலையிட்டால் அத்துமீறல் என்று பேராசிரியர் சொன்னாராம். இறைமை என்றால் அதுதான் என்று. இந்தக் கதையைச் சொன்னதும் அறையில் சிரிப்பு வரவில்லை, ஒரு சத்தமும் வரவில்லை. பிறகு 1944இல், கிரேக்கச் சொல் ஒன்றையும் லத்தீன் சொல் ஒன்றையும் ஒட்டி லெம்கின் genocide என்ற புதுச் சொல்லைச் செய்தார். 1948 டிசம்பர் 9 அன்று அது ஐ.நா. உடன்படிக்கை ஆனது. இலங்கை 1950இலேயே அதில் சேர்ந்துகொண்டது, ஐ.நா.வில் உறுப்புரிமை கிடைத்ததோ 1955இல்தான்.

இங்கே தமிழ் எங்களுக்கு ஒரு பொறி வைத்தது. உடன்படிக்கை ஐந்து செயல்களைச் சொல்கிறது: குழுவினரைக் கொல்வது, உடலுக்கோ மனதுக்கோ கடும் தீங்கு செய்வது, அழிந்துபோகும்படியான வாழ்நிலைக்குள் தள்ளுவது, பிள்ளை பிறக்காமல் தடுப்பது, பிள்ளைகளைப் பறித்து வேறு குழுவுக்குக் கொடுப்பது. ஐந்தில் ஒன்றுதான் கொலை. நாங்கள் இனப்படுகொலை என்று சொல்கிறோம், அந்தச் சொல்லுக்குள் படுகொலை உட்கார்ந்திருக்கிறது, அதனால் கேட்டவுடனே எல்லோரும் பிணங்களை எண்ணத் தொடங்கிவிடுகிறார்கள். இன அழிப்பு என்றால் கொஞ்சம் அகலம். ஆனால் அதிலும் முன்னால் இனம் நிற்கிறது, உடன்படிக்கையில் மதக் குழுவும் இருக்கிறது. மூதூரிலிருந்து வரும் ஆசிரியை, முஸ்லிம், ஐம்பதை நெருங்கியவர், அன்றைக்கே கேட்டார்: “அப்ப நாங்க இதில இனமா, மதமா சேர்?” கணக்கெடுப்பில் சோனகர் என்று இனமாக எண்ணுகிறார்கள், பேச்சில் தமிழ் பேசும் மக்கள் என்று சேர்த்துக்கொள்கிறார்கள், சண்டை வந்தால் மதமாக்கிவிடுகிறார்கள் என்றார். நல்ல கேள்வி, அடுத்த முறை பார்ப்போம் என்று சொல்லி நான் கடந்துபோனேன். அடுத்த முறை பார்க்கவில்லை.

மார்ச் 11

மூன்றாம் கூட்டத்தில் பேச்சு இலங்கைக்கு வந்தது. வரத்தான் செய்யும். பல்கலைக்கழகம் முடித்து வேலை தேடிக்கொண்டிருந்த ஒரு தம்பி நன்றாகத் தயார் பண்ணி வந்திருந்தார். 2015 பெப்ரவரியில் வட மாகாண சபை, தமிழருக்கு நடந்தது இனப்படுகொலை என்று தீர்மானம் நிறைவேற்றியது, அதே ஆண்டு செப்டெம்பரில் வந்த ஐ.நா. மனித உரிமை அலுவலகத்தின் அறிக்கை போர்க்குற்றம், மானுடத்துக்கு எதிரான குற்றம் என்ற சொற்களோடு நின்றுகொண்டது, ஏன் நின்றது என்பது அவருடைய கேள்வி. நான் நோக்கம் பற்றிச் சொன்னேன். ஒரு குழுவை அந்தக் குழு என்பதற்காகவே முழுதாகவோ பகுதியாகவோ அழிக்கும் நோக்கம் நிறுவப்பட வேண்டும், அதுதான் கடினம். பொஸ்னியா வழக்கில் சர்வதேச நீதிமன்றம் 2007இல், 1995 ஜூலையில் ஸ்ரெப்ரெனிட்சாவில் நடந்த கொலைகளை மட்டும் அந்தச் சொல்லுக்குள் எடுத்தது, மற்ற இடங்களில் நடந்த கொலைகளை நடக்கவில்லை என்று சொல்லவில்லை, அந்த நோக்கம் நிறுவப்படவில்லை என்று சொன்னது. தம்பிக்கு இது பிடிக்கவில்லை. செத்தவனுக்கு நோக்கம் தெரியவா வேணும் என்றார். எனக்கு அதற்குப் பதில் வரவில்லை.

அப்போதுதான் மூதூர் ஆசிரியை கேட்டார், 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து முஸ்லிம்களைப் புலிகள் வெளியேற்றினார்களே, அதற்கு என்ன பேர்?

தம்பி, அது வேற என்றார். வேற என்றால் என்ன என்று அவர் கேட்க, தம்பி அந்த நேரத்துச் சூழலை விளக்க, இன்னொருவர் கிழக்கில் ஊர்காவல் படை செய்ததை இழுக்க, ஆசிரியை காத்தான்குடிப் பள்ளிவாசலில் தொழுதவர்களைக் கொன்றதைச் சொல்ல, ஐந்து நிமிடத்துக்குள் ஆளாளுக்கு ஒரு ஊர்ப் பேரும் ஒரு திகதியும் எண்ணிக்கையுமாக அறை நிரம்பிவிட்டது. யாரும் யாருக்கும் பதில் சொல்லவில்லை. ஐந்தே காலுக்கு ஆசிரியை எழுந்தார். ஐந்தரைக்குள் பஸ் எடுக்காவிட்டால் மூதூருக்கு அவர் போய்ச்சேர இருட்டிவிடும். கிண்ணியாவிலிருந்து வந்த மற்ற இரண்டு பேரும் அவரோடு கிளம்பினார்கள்.

நாங்கள் எட்டுப் பேரும் இன்னும் முக்கால் மணி நேரம் இருந்தோம்.

அந்த முக்கால் மணி நேரத்தில்தான் முடிவெடுத்தோம்: அடுத்த மூன்று கூட்டங்களுக்கு, இலங்கையைப் பற்றிப் பேசும்போது இனப்படுகொலை என்ற சொல்லை யாரும் பாவிப்பதில்லை. முன்மொழிந்தவன் நான். காரணம் என்று அன்றைக்குச் சொன்னது, சொல் தீர்ப்பாக வந்து விழுகிறது, விழுந்த பிறகு யோசனை நின்றுவிடுகிறது, கொஞ்ச நாள் அது இல்லாமல் நடந்ததை விபரிக்கப் பழகுவோம் என்பது. அது பொய்யில்லை. ஆனால் அதற்கு முன்னால் வயதான ஒருவர் “ஆராவது எழுதிப் போட்டா?” என்று மெதுவாகக் கேட்டிருந்தார், அந்தக் கேள்வி எல்லோர் வயிற்றிலும் இருந்தது. பாதி பயம், பாதி தத்துவம். தத்துவத்தை மட்டும் குறிப்பேட்டில் எழுதினேன். தம்பி எதிர்த்தார், ஏழுக்கு ஒன்று. முடிவை வட்ஸ்அப்பில் போட்டேன், பஸ்ஸில் போய்க்கொண்டிருந்த மூன்று பேருக்கும் அப்படித்தான் தெரிய வந்தது.

நோன்பு என்று நினைத்தேன்

மார்ச் 25 கூட்டத்துக்கு முஸ்லிம்கள் மூவரும் வரவில்லை. நோன்பு தொடங்கியிருந்தது, அதனால்தான் என்று நினைத்துக்கொண்டேன், உண்மையில் அப்படி நினைப்பது எனக்கு வசதியாக இருந்தது. கூட்டம் மோசமாகப் போனது. தம்பி தன் முறை வந்தபோது ஒரு பந்தியை வாசித்து, சொல் வரும் இடத்திலெல்லாம் “அந்தச் சொல்” என்று சொன்னார். இரண்டாவது தடவை சிரிப்பு எழுந்தது. மூன்றாவது தடவை, அறுபது தாண்டிய ஒரு அம்மா எழுந்து நின்றார். இளைய மகனைப் போர்க்காலத்தில் தொலைத்தவர், பெறாமகள் கூட்டிக்கொண்டு வந்ததால் வந்தவர், அதுவரை ஒரு வார்த்தை பேசியதில்லை.

“சொல்லக் கூடாதெண்டா நான் வீட்டிலயே இருந்திருப்பனே தம்பி. வெளியில எல்லாரும் அதைத்தானே சொல்றாங்க.”

அவ்வளவுதான் சொன்னார், பிறகு உட்கார்ந்துவிட்டார். கூட்டத்தை அத்தோடு முடித்தேன். அன்றிரவு தம்பியிடமிருந்து ஒரு செய்தி: தடை செய்யிறதெண்டா அரசாங்கமே போதும், அதுக்கு வாசிப்பு வட்டம் என்னத்துக்கு. குழுவிலிருந்தும் விலகிவிட்டார். ஏப்ரல் 8 கூட்டத்தை நான் ரத்துச் செய்தேன்.

நோன்புப் பெருநாள் கழிந்து ஒரு நாள் மூதூருக்குப் போனேன். ஆசிரியை வட்டிலப்பம் தந்தார், பிள்ளைகளின் படிப்பை விசாரித்தார், அரை மணித்தியாலத்துக்குப் பிறகுதான் விஷயத்துக்கு வந்தார். சொல்லைத் தடுத்தது அவருக்குப் பெரிய விஷயமாக இருக்கவில்லை. தான் போன பிறகு முடிவெடுத்ததுதான். “நீங்க அந்தச் சொல்ல நிப்பாட்டினது எனக்காகத்தான் எண்டு எல்லாரும் நெனைப்பாங்க. நான் நிப்பாட்டச் சொல்லவே இல்லையே சேர், என்ட ஊருக்கும் ஒரு சொல் கேட்டன், அவ்வளவுதான்.” இதை நான் கொஞ்சமும் யோசித்திருக்கவில்லை. அவரைக் காப்பாற்றுகிறேன் என்ற நினைப்பில், தமிழர்களின் சொல்லை முஸ்லிம்கள் பறித்துவிட்டார்கள் என்ற ஒரு கதையை நானே உண்டாக்கி வைத்திருந்தேன்.

கடதாசிகள்

மே 6இல் மறுபடி கூடியபோது மூன்று விஷயங்களை மாற்றினோம். தடை எடுக்கப்பட்டது. கூட்டம் இரண்டு மணிக்குத் தொடங்கி நாலரைக்கு முடியும், அதற்குப் பிறகு எந்த முடிவும் இல்லை, அறையைப் பூட்டுவதும் நாலரைக்கே. மூன்றாவது, வாசிப்பை நடுவிலிருந்து தொடங்கினோம், அரென்ட் நாடற்றவர்களைப் பற்றி எழுதிய அதிகாரத்திலிருந்து.

அவருக்கு அது ஏட்டுப் படிப்பில்லை. 1933இல் ஜெர்மனியை விட்டு ஓடியவர், 1940இல் பிரான்சில் கூர்ஸ் முகாமில் அடைக்கப்பட்டவர், 1951இல் அமெரிக்கப் பிரசாவுரிமை கிடைக்கும்வரை ஒரு நாட்டுக்கும் உரியவராக இருக்கவில்லை. மனித உரிமை என்பது மனிதனாகப் பிறந்தாலே கிடைப்பது என்று பிரகடனங்கள் சொல்கின்றன, ஆனால் மனிதன் என்பதைத் தவிர வேறு அடையாளம் எதுவும் இல்லாமல் ஒருவன் வந்து நிற்கும்போது எந்த அரசும் அவனைத் தன் ஆள் என்று ஏற்பதில்லை. அதனால் எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு உரிமை வேண்டும், உரிமைகளைப் பெறுவதற்கான உரிமை, ஏதோ ஒரு சமூகத்தின் உறுப்பினராக இருக்கும் உரிமை. நாசிகள் இந்த ஒழுங்கை நன்றாகத் தெரிந்து செய்தார்கள். 1935இல் நியூரம்பேர்க் சட்டங்கள் யூதரை இரண்டாந்தரமாக்கின. 1941 நவம்பரில் வந்த கட்டளைப்படி, வெளிநாட்டில் வசிக்கும் யூதர் பிரசாவுரிமையையும் சொத்தையும் இழந்தார்கள். எல்லைக்கு வெளியே நாடு கடத்தப்பட்டவருக்கும் அதே கதிதான். ரயில் எல்லையைத் தாண்டியதும் உள்ளே இருந்தவர் யாருடைய ஆளும் இல்லை, விட்டுவந்த வீடு அரசுடையது.

இந்த இடத்தில் ஓய்வுபெற்ற தபால் ஊழியர் ஒருவர் கையை உயர்த்தினார். குடும்பம் மலையகத்தில் இருந்து 1977 கலவரத்துக்குப் பிறகு இந்தப் பக்கம் வந்தது. “சேர், இது எங்க கதை.”

1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலானோரை நாடற்றவர்களாக்கியது. அது நடைமுறைக்கு வந்தது நவம்பரில். அடுத்த மாதமே, டிசம்பர் 10 அன்று, எல்லோருக்கும் ஒரு நாட்டின் பிரசையாக இருக்க உரிமை உண்டு என்று ஐ.நா. உலகுக்கு அறிவித்தது. 1964 ஒக்டோபரில் இரண்டு பிரதமர்கள் உட்கார்ந்து ஆட்களைப் பங்கு பிரித்தார்கள்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேருக்கு இலங்கைப் பிரசாவுரிமை, மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம். அந்த மீதியை 1974இல் ஆளுக்கு 75,000 என்று பிரித்தார்கள். தபால் ஊழியர் சொன்னார், “எங்கப்பா அந்த மீதியில ஒருத்தரு.” பத்து வருடம் மீதியாக இருந்த ஒரு மனிதர். 2003இல் வந்த சட்டத்தோடுதான் அந்தக் கணக்கு ஒருவாறு முடிந்தது, அதற்குள் அந்த அப்பா இறந்துவிட்டார்.

அடுத்த கூட்டத்துக்கு ஆளுக்கு ஒரு கடதாசி கொண்டுவாருங்கள் என்று கேட்டோம், நான் யார் என்று அரசாங்கமோ வேறு யாராவதோ எழுதிக் கொடுத்த ஏதாவது ஒன்று. இது தபால் ஊழியரின் யோசனை, என்னுடையதில்லை. அவர் தன் அப்பாவின் பதிவுப் பிரசைச் சான்றிதழைப் பிளாஸ்டிக் உறையில் கொண்டுவந்தார். நான் பதிவுப் பிரசை, என் மகன் வம்சாவளிப் பிரசை, ஒரே வீட்டுக்குள்ளே இரண்டு சாதிப் பிரசை என்று அப்பா பகிடி விடுவாராம். மூதூர் ஆசிரியை, 2006 ஓகஸ்டில் ஊரே கிளம்பிக் கந்தளாய்க்குப் போனபோது முகாமில் கொடுத்த நிவாரண அட்டை. அதில் குடும்பத்தில் ஏழு பேர் என்று இருந்தது, ஒருவரை வெட்டி ஆறு என்று திருத்தி யாரோ கையெழுத்துப் போட்டிருந்தார்கள். ஏன் என்று நாங்கள் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. தம்பலகாமத்திலிருந்து வந்தவர் காணி பெர்மிற்றின் கொப்பி ஒன்று, மூலப் பிரதி இடம்பெயர்வில் போய்விட்டது, கொப்பியைக் காட்டினால் மூலத்தைக் கேட்கிறார்கள். ஒருவரிடம் தொண்ணூறுகளில் ஊருக்குப் போய்வர எடுத்த பாஸ்.

அம்மா எதுவும் கொண்டுவரவில்லை. கடைசியாக அவர் முறை வந்தபோது, தனக்குரிய கடதாசியைத் தான் எடுக்கவே இல்லை என்றார். காணாமல் போனதற்கான சான்றிதழ் தருகிறோம் என்று கேட்டார்கள், அதை எடுத்தால் மகன் இல்லை என்று தானே ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும், அதனால் எடுக்கவில்லை. இருக்கிறான் என்றும் கடதாசி இல்லை, இல்லை என்றும் கடதாசி இல்லை.

அன்றைக்கு அரென்ட்டின் பக்கங்களைத் திறக்கவே இல்லை. திறக்காமல்தான் முதல் முறையாக எல்லோரும் அவரை வாசித்தார்கள் என்று எனக்குப் பட்டது. ஒன்றைத் தெளிவாக எழுதி வைக்கிறேன், அன்றைக்கும் சொன்னோம்: பிரசாவுரிமை பறிப்பு இனப்படுகொலை ஆகாது, கந்தளாய் முகாம் கூர்ஸ் முகாம் ஆகாது. இவற்றை ஒரே தட்டில் வைத்து நிறுக்க யாரும் முயலவில்லை. ஆனால் மார்ச் 11இல் ஊர்ப் பேர்களை எறிந்துகொண்ட அதே ஆட்கள், இப்போது ஒருவர் கடதாசியை மற்றவர் கையில் வாங்கி, வெளிச்சத்தில் பிடித்து, முத்திரையை வாசிக்கப் பார்த்தார்கள்.

ஏகாதிபத்தியம், கொஞ்சம்

ஜூனில் இரண்டு கூட்டம் ஏகாதிபத்தியத்துக்கு. இதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், இதில் பிரச்சினை எதுவும் வரவில்லை. திருக்கோணமலையில் ஏகாதிபத்தியத்தை விளக்க அதிகம் மெனக்கெடத் தேவையில்லை. 1957வரை பிரித்தானியக் கடற்படை இங்கே இருந்தது, சீனக்குடாக் காட்டுக்குள் அவர்கள் கட்டிய எண்ணெய்த் தாங்கிகளில் 99 இன்னும் நிற்கின்றன, 2022 ஜனவரியில்கூட அவற்றை யார் நடத்துவது என்று ஒப்பந்தம் எழுதினார்கள். குடியேற்ற நாடுகளில் பழகிய இரண்டு கருவிகள், இனம் பற்றிய கோட்பாடும் அறிக்கையாலும் கட்டளையாலும் ஆளும் அதிகாரி வர்க்கமும், பிறகு ஐரோப்பாவுக்கே திரும்பி வந்தன என்பது அரென்ட்டின் வாதம். எறிந்த வளைதடி எறிந்தவன் தலைக்கே வந்த மாதிரி. 1904இல் தென்மேற்கு ஆபிரிக்காவில் ஹெரேரோ மக்களை அழிக்க ஜெர்மன் தளபதி வொன் ட்ரோத்தா எழுத்தில் உத்தரவு கொடுத்தார், அது இனப்படுகொலை என்று ஜெர்மனி ஒப்புக்கொள்ள 2021 ஆனது. மார்டினிக் தீவுக் கவிஞர் எமே செசேர் 1950இலேயே இதைவிடக் கடுமையாக எழுதியிருக்கிறார், ஆபிரிக்கருக்கும் ஆசியருக்கும் செய்ததை வெள்ளையருக்கே செய்ததுதான் ஹிட்லரிடம் ஐரோப்பாவுக்குப் பொறுக்கவில்லை என்று. அதே வேளை, ஆபிரிக்கரைப் பற்றி அரென்ட் எழுதிய சில பக்கங்களை வாசிக்கவே கூச்சமாக இருக்கிறது, குடியேறிய வெள்ளையரின் கண்ணால் பார்த்து எழுதியது போல. கிண்ணியாவிலிருந்து வந்தவர், இந்தளவு படிச்ச மனுசிக்கே இப்படி என்றால் நாங்கள் எம்மாத்திரம் என்றார். சரிதான்.

ஒரு கடிதம்

ஜூலை முதலாம் திகதிக் கூட்டத்துக்கு நான் எடுத்தது அரென்ட்டுக்கும் யூத அறிஞர் கேர்ஷோம் ஷோலெமுக்கும் இடையில் 1963இல் நடந்த கடிதப் போக்குவரத்து. யூதரை நாடுகடத்தும் வேலையை நடத்திய நாசி அதிகாரி ஐக்மனின் வழக்கைப் பற்றி அரென்ட் எழுதியபோது, நாடுகடத்தலில் சில யூத சபைத் தலைவர்களின் ஒத்துழைப்பையும் எழுதினார். அது அவருடைய சொந்தச் சனத்துக்குத் தாங்கவில்லை. உன்னிடம் யூத மக்கள்மேல் அன்பு இல்லை என்று பழைய நண்பரான ஷோலெம் எழுதினார். தான் எந்த மக்கள் கூட்டத்தையும் அப்படி நேசித்ததில்லை, தன் நண்பர்களைத்தான் நேசிக்கிறேன் என்ற பொருளில் அரென்ட் பதில் எழுதினார்.

வாசித்து முடித்ததும் தபால் ஊழியர் சொன்னார், இதற்குத் தமிழில் ஒரு சொல் இருக்கிறது, மொழிபெயர்க்கத் தேவையில்லை. துரோகி. எல்லோரும் சிரித்தார்கள், பிறகு அந்தச் சிரிப்பு அடங்கக் கொஞ்ச நேரம் எடுத்தது, அந்தச் சொல்லோடு முடிந்துபோன உயிர்களை இந்த அறையில் எல்லோருக்கும் தெரியும். எனக்கு ஷோலெமின் பக்கத்திலும் நியாயம் தெரிகிறது என்றும் சொல்லவேண்டும். அரென்ட்டின் தொனியில் ஒரு கடுமை இருக்கிறது, உயிர் தப்பி வந்தவர்கள் அதை வாசித்தபோது எப்படி இருந்திருக்கும் என்று அவர் போதிய அளவு யோசிக்கவில்லை.

இந்தக் கூட்டத்தின் குறிப்பை வட்ஸ்அப்பில் போட்டபோது, தம்பிக்கும் தனியாக அனுப்பினேன். ஒரு வரி பதில் வந்தது: அடுத்தது எப்ப?

ஜூலை 15

வந்தார். பின்னால் உட்கார்ந்தார். அன்றைக்கு இரண்டு மணிக்கே மூதூர் ஆசிரியையின் பழைய கேள்வியை, 1990 ஒக்டோபரை, நேரடியாக எடுத்தோம். இந்த முறை முதலில் நடந்ததை மட்டும் எழுதினோம்: மக்களுக்கு எவ்வளவு நேரம் கொடுக்கப்பட்டது, எதைக் கொண்டுபோக விட்டார்கள், எங்கே போனார்கள். யாழ்ப்பாண நகரில் சில மணி நேரம்தான், வடக்கு முழுவதிலும் எழுபதாயிரத்துக்கு மேற்பட்டோர், பெரும்பாலானோர் புத்தளத்துக்கு. பெயர் வைக்கும் பகுதியைக் காலியாக விட்டோம்.

மூன்றரை மணியளவில் தம்பி பேசினார். “முஸ்லிம் சனத்தை அனுப்பினது பிழை. நான் இல்லையெண்டு சொல்லேல்ல. ஆனா அதுக்கும் முள்ளிவாய்க்காலுக்கும் ஒரே சொல் போட ஏலாது.”

ஆசிரியை திரும்பிப் பார்த்தார். “ஒரே சொல் போடச் சொல்லி நான் எப்ப தம்பி கேட்டன்? ஒரு சொல்லாவது போடுங்கண்டுதானே கேட்டன்.”

தம்பி ஒன்றும் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் கழித்து இனச்சுத்திகரிப்பு என்ற சொல்லை ஒருவர் கொண்டுவந்தார். பொஸ்னியாப் போரோடு பரவிய சொல், அதற்கென்று தனி உடன்படிக்கை இல்லை, தனிக் குற்றமாகவும் வரையறுக்கப்படவில்லை என்று விளக்கினேன். தம்பி அதை ஏற்கவில்லை. பலவந்த வெளியேற்றம் என்றால் தனக்குச் சம்மதம் என்றார். ஆசிரியை, இப்போதைக்கு அது போதும், ஆனால் என் சொல் அது இல்லை என்று குறிப்பில் எழுதச் சொன்னார். இரண்டையும் எழுதினேன். முள்ளிவாய்க்காலுக்கு நேரே பெரும்பாலானோர் இனப்படுகொலை என்றும், இருவர் மானுடத்துக்கு எதிரான குற்றம் என்றும் எழுதக் கேட்டார்கள். அம்மா எதையும் எழுத வேண்டாம் என்றார், மகனுக்கு என்ன நடந்தது என்று தெரிந்த பிறகு சொல்கிறேன் என்றார். நாலு இருபத்தைந்துக்கு முடிந்தது.

பிறகு

ஓகஸ்டோடு நிறுத்தினோம். நிறுத்தக் காரணம் பெரிதாக இல்லை, ரியூட்டரிக்காரருக்கு அறை தேவைப்பட்டது. தம்பிக்கு வெளிநாட்டில் வேலை சரிவந்து செப்டெம்பரில் போய்விட்டார். இந்த எழுத்தை அவருக்கு அனுப்பினேன், பார்த்த அடையாளம் விழவில்லை. வாசிக்காத ஒருவர் அவர்தான். அவருடைய பேச்சை நான் சரியாக எழுதியிருக்கிறேன் என்று மற்றவர்கள் சொல்கிறார்கள், அது அவர் சொல்வதற்குச் சமமில்லை, தெரிந்துதான் போடுகிறேன். அவர் மறுத்தால் அந்தப் பகுதியை எடுத்துவிடுவேன்.

கிண்ணியாவிலிருந்து வந்த இருவரில் ஒருவர் மே மாதத்துக்குப் பிறகு வரவேயில்லை, ஏன் என்று நான் விசாரிக்கவில்லை, விசாரித்திருக்க வேண்டும். தபால் ஊழியர் தன் அப்பாவின் சான்றிதழை ஸ்கேன் பண்ணி எல்லோருக்கும் அனுப்பினார். அம்மாவும் மூதூர் ஆசிரியையும் இப்போதும் தொலைபேசியில் பேசிக்கொள்கிறார்கள் என்று பெறாமகள் சொன்னார், என்ன பேசுவார்கள் என்று கேட்டதற்கு, முருங்கைக்காய் விலை என்றார்.

மாற்றிச் செய்வதென்றால்

இனப்படுகொலையில் தொடங்கமாட்டேன். நாடற்றவர்களில் தொடங்குவேன், இனப்படுகொலையைக் கடைசிக்கு விடுவேன். மற்றவர்களுக்கு இது சரிவருமா தெரியாது, மன்னாரில் 1990இலிருந்து தொடங்குவதுதான் நியாயமாக இருக்கலாம்.

சொல்லைத் தடை செய்யமாட்டேன். பயமாக இருந்தால் பயமாக இருக்கிறது என்றே சொல்லி, எதை எழுதுவது, எதை எழுதாமல் பேசுவது என்று எல்லோரும் இருக்கும்போது முடிவெடுப்பேன். பயத்துக்குத் தத்துவச் சட்டை போட்டது நான் செய்ததிலேயே மோசமான வேலை.

சிங்களவர் ஒருவரும் இல்லாமல் தொடங்கமாட்டேன் என்று எழுதத்தான் ஆசை. ஆனால் ஒருவரை மட்டும் கூப்பிட்டு, அவர் தலையில் எல்லாவற்றையும் இறக்கி வைக்கும் கூட்டமாக அது போயிருக்கும் என்ற பயமும் இருக்கிறது. மூன்று பேராவது வந்தால் பார்க்கலாம். மொழிபெயர்ப்புக்கு ஆள் வேண்டும், அதற்கு நேரம் இரட்டிப்பாகும்.

கடைசி பஸ் எப்போது என்று முதல் நாளே எல்லோரிடமும் கேட்டுக் குறிப்பேட்டின் முதல் பக்கத்தில் எழுதி வைப்பேன்.